ராயபுரம்: கடலால் பிறந்து கடற்கரையை இழந்த ஊர்

சென்னைத் துறைமுகத்தை ஒட்டி வடக்கே இருக்கும் ராயபுரத்தில் பழைய ரயில் நிலையத்தையும் மீன்பிடித் துறைமுகத்தையும் தவிரப் பார்க்க வேறென்ன இருக்கிறது, அந்த ஊருக்கென்று தனியாக ஒரு வரலாறு உண்டா என்பது கேள்வி. உண்டு. ஆனால் அதைக் கட்டடங்களின் பட்டியலாகச் சொன்னால் ஒன்றோடொன்று தொடர்பில்லாத துண்டுகளாகத்தான் தெரியும். படகோட்டிகளின் தேவாலயம், பார்சிகளின் நெருப்புக் கோயில், கஞ்சித் தொட்டியிலிருந்து வளர்ந்த மருத்துவமனை, தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் புறப்பட்ட நிலையம் ஆகிய அனைத்தும் ஒரு சிறிய வட்டாரத்துக்குள் வந்து சேர்ந்ததற்குக் காரணம் கடல். அந்தக் கடலின் கரையை ஊரிடமிருந்து பறித்தது, ஊருக்குப் பிழைப்பும் கொடுத்த துறைமுகம். ராயபுரத்தின் கதையை நான் இப்படித்தான் புரிந்துகொள்கிறேன். கீழே சொல்வதெல்லாம் அதன் விரிவே.

முதலில் இடத்தைப் பற்றி. கிழக்கிந்தியக் கம்பெனி காலத்தில் புனித ஜார்ஜ் கோட்டைக்கு வடக்கே இருந்த கறுப்பர் நகரத்தை, அதாவது இன்றைய ஜார்ஜ் டவுனை, ஒரு மதிற்சுவர் சூழ்ந்திருந்தது. 18ஆம் நூற்றாண்டில் முதலில் பிரெஞ்சுப் படைகளும் பிறகு ஹைதர் அலியின் குதிரைப் படையும் கொடுத்த அச்சத்தால் எழுந்த சுவர் அது. அதற்கான செலவை மக்களிடமிருந்து வரியாக வசூலிக்க எண்ணிய கதைதான் மேற்கே வால்டாக்ஸ் (சுவர் வரி) சாலை என்ற பெயராக இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. வடக்குச் சுவர் ஓடிய தடத்தில் இன்று பழைய சிறைச்சாலைச் சாலை இருக்கிறது. சுவரின் எஞ்சிய ஒரு துண்டை அங்கே 'மாடிப் பூங்கா' என்ற பெயரில் காணலாம். சுவரின் கடலோர முனையில் பீரங்கிகள் நின்ற இடம் கிளைவ் பாட்டரி. ராயபுரம் இந்தச் சுவருக்கு வெளியே, வடக்கே இருந்தது. 'புறநகர்' என்ற சொல் அதற்கு வெறும் தொலைவைக் குறிப்பதாக இருக்கவில்லை. பாதுகாப்பு வளையத்துக்கு அப்பால் இருந்த ஊர் என்பதே அதன் பொருள். சுவர் இடிந்து இத்தனை காலம் ஆன பிறகும் 'வடசென்னை' என்ற சொல்லைச் சிலர் உச்சரிக்கும் தொனியில் அந்தச் சுவர் இன்னும் நிற்பதாகவே எனக்குத் தோன்றும்.

ஊரின் பெயர் தேவாலயத்திலிருந்து வந்தது. கத்தோலிக்கர்கள் தமிழில் புனித பேதுருவை ராயப்பர் என்றும் பவுலைச் சின்னப்பர் என்றும் அழைத்து வந்தவர்கள். ராயப்பர் பெயரில் எழுந்த கோயிலும் அதைச் சுற்றி அமைந்த குடியிருப்பும் ராயபுரம் ஆயின. பேதுரு மீனவராக இருந்து சீடரானவர். இந்தக் கோயிலை எழுப்பியவர்களோ கடலில் படகு தள்ளிப் பிழைத்தவர்கள். குலதெய்வத்தைத் தேர்ந்தெடுப்பது போலத் தங்கள் தொழிலுக்கு நெருக்கமான ஒருவரை அவர்கள் பாதுகாவலராகக் கொண்டார்கள் என்று சொல்லலாம். 19ஆம் நூற்றாண்டின் முதற்பாதியில் எழுந்த இந்தக் கோயில்தான் ராயபுரத்தின் மூத்த அடையாளம். ரயில் நிலையத்தைப் பார்க்க வருபவர்கள் பெரும்பாலும் இதைப் பார்க்காமலே திரும்பிவிடுகிறார்கள்.

அந்தப் படகோட்டிகள் யார், அவர்கள் இல்லாமல் சென்னை ஏன் இயங்கியிருக்காது என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். சென்னைக்கு இயற்கைத் துறைமுகம் கிடையாது. நேராக நீளும் மணற்கரை, அதில் இடைவிடாமல் வந்து உடையும் அலை, அவ்வளவுதான். கப்பல்கள் கரையிலிருந்து வெகுதூரத்தில் நங்கூரம் பாய்ச்சி நிற்கும். ஆளுநரானாலும் சரி, துணிப் பொதியானாலும் சரி, குதிரையானாலும் சரி, கப்பலுக்கும் கரைக்கும் இடையே உள்ள அந்த அலைப் பகுதியை மசூலா படகில்தான் கடந்தாக வேண்டும். மசூலா படகில் ஆணியே கிடையாது. பலகைகளின் ஓரத்தில் துளையிட்டுத் தென்னை நார்க் கயிற்றால் ஒன்றோடொன்று தைத்திருப்பார்கள். ஆணி அடித்த ஐரோப்பியப் படகு மணலில் மோதியதும் விறைப்பாக நின்று பிளந்துபோகும். தைத்த படகு அலை தூக்கி எறியும்போது உடலை நெளித்துக் கொடுத்துத் தப்பிவிடும். படகுக்குள் எந்நேரமும் கொஞ்சம் நீர் கசிந்துகொண்டே இருக்கும். அதை இறைத்து ஊற்றுவதற்கென்றே ஒருவர் இருப்பார். எந்த அலையில் ஏற வேண்டும், எந்த அலையைப் போகவிட வேண்டும் என்று கணித்துத் துடுப்புப் போடுவது பரம்பரையாக வந்த திறமை. கடல் சீறும் நாட்களில் கட்டுமரம் மட்டுமே கப்பலுக்குச் செல்லும். கடிதங்களை நனையாமல் தலையில் கட்டிக்கொண்டு போவார்கள். சென்னையின் கடல் வணிகம் முழுவதும் இந்தத் தைத்த படகுகளையும் இவர்களின் தோள்களையும் நம்பி நடந்தது. இதைப் பற்றிப் பயணிகள் எழுதிய குறிப்புகளில் அலையின் அச்சமும் படகோட்டிகள் கேட்ட கூலியைப் பற்றிய முணுமுணுப்பும் சேர்ந்தே இருக்கும். உயிரைப் பணயம் வைத்தவர்கள் கூலி கேட்டதில் என்ன தவறு என்பது என் கேள்வி.

அடுத்து ரயில் நிலையம். 1853இல் பம்பாயிலிருந்து தாணேவுக்கும், 1854இல் ஹவுராவிலிருந்து ஹூக்ளிக்கும் ரயில் ஓடத் தொடங்கிய பிறகு, மதராஸ் ரயில்வே கம்பெனி தன் முதல் நிலையத்தை ராயபுரத்தில் கட்டியது. 1856 ஜூன் 28 அன்று ஆளுநர் ஹாரிஸ் பிரபு அதைத் திறந்துவைத்தார். ஜூலை 1 அன்று வாலாஜா ரோடு வரை, ஏறத்தாழ 100 கிலோமீட்டர் தூரத்துக்கு, தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் புறப்பட்டது. 'பயணிகள்' என்ற சொல்லை நான் வேண்டுமென்றே சேர்க்கிறேன். 1837லேயே செங்குன்றம் பகுதியில் சாலைக்குக் கல் கொண்டுவருவதற்காக ஒரு தண்டவாளம் போடப்பட்டு வண்டிகள் ஓடியிருக்கின்றன. எனவே 'தென்னிந்தியாவின் முதல் ரயில்' என்று பொதுவாகச் சொல்வது பிழை.

ராயபுரத்தை ஏன் தேர்ந்தெடுத்தார்கள் என்ற கேள்விக்கும் கடல்தான் விடை. சரக்கு இறங்கும் கரைக்கு அருகில் நிலையம் இருக்க வேண்டும்; கோட்டையும் ஜார்ஜ் டவுன் வணிகர்களும் எட்டும் தொலைவில் இருக்க வேண்டும்; கூடவே நெரிசலற்ற வெற்றிடமும் வேண்டும். சுவருக்கு வெளியே இருந்த ராயபுரத்தில் மூன்றும் அமைந்திருந்தன. 1862க்குள் இந்தத் தடம் மேற்குக் கரையில் பேப்பூர் வரை நீண்டது. வங்கக் கடலோரம் ஏறியவர் அரபிக் கடலோரம் இறங்கலாம் என்ற நிலை வந்தது. அதற்குப் பிறகு நிலையத்தின் மவுசு மெல்லக் குறைந்தது. 1873இல் பூங்கா நகர்ப் பக்கம் சென்ட்ரல் நிலையம் எழுந்தது. 1907 வாக்கில் நகரின் முதன்மை நிலையம் என்ற இடமும் அங்கே போய்விட்டது. ஒரு வகையில் அந்தப் புறக்கணிப்பே ராயபுரம் நிலையத்தைக் காப்பாற்றியது என்பேன். வளர்ந்திருந்தால் இடித்துப் பெரிதாகக் கட்டியிருப்பார்கள். பம்பாயின் போரி பந்தர் நிலையத்துக்கு அதுதான் நேர்ந்தது. பம்பாய், தாணே இரண்டு இடங்களிலும் முதல் கட்டடங்கள் இன்று இல்லாததால், இன்றும் இயங்கும் நிலையங்களில் இந்தியாவின் மிகப் பழைய கட்டடம் ராயபுரத்தில் இருப்பதுதான்.

நிலையத்துக்குப் போகிறவர்கள் முன்புறத் தூண் வரிசையின் கீழே சற்று நேரம் நிற்க வேண்டும். கிரேக்கக் கோயில்களை நினைவூட்டும் உயரமான தூண்கள் அவை. ரயில் என்ற புதுச் சாதனத்தைக் கண்டு மக்கள் மிரண்டுவிடாமல் இருக்க, அதற்கு ஒரு மாளிகை முகத்தைக் கொடுத்திருக்கிறார்கள் என்று தோன்றும். நெடுங்காலம் பாழடைந்து கிடந்த கட்டடத்தை 2005இல் புதுப்பித்தார்கள். இப்போது கடற்கரை நிலையத்திலிருந்து வரும் சில மின்சார ரயில்கள் இங்கே ஒரு நிமிடம்கூட முழுதாக நிற்காமல் புறப்பட்டுவிடும். ஆனால் ஊரின் பெயர் நாடெங்கும் ஓடிக்கொண்டிருக்கிறது. டெல்லிக்குச் செல்லும் விரைவு ரயிலின் மின்சார எஞ்சினை உற்றுப் பார்த்தால், அதன் பக்கவாட்டில் 'ராயபுரம்' என்று எழுதியிருப்பதைப் பல நேரங்களில் காணலாம். அந்த எஞ்சின்களைப் பராமரிக்கும் பெரிய லோகோ ஷெட் இங்கேதான் இருக்கிறது.

இனித் துறைமுகம். 1861இல் கடலுக்குள் ஓர் இரும்புப் பாலத்துறை நீட்டப்பட்டது. அது போதாமல், 1875இல் வேல்ஸ் இளவரசர் அடிக்கல் நாட்ட, இரண்டு கற்கரங்களைக் கடலுக்குள் நீட்டி நடுவே அமைதியான நீர்ப்பரப்பை உண்டாக்கும் வேலை தொடங்கியது. 1881 நவம்பர் புயல் கிட்டத்தட்ட முடிந்திருந்த அந்தக் கட்டுமானத்தைச் சிதைத்தது. மீண்டும் கட்டினார்கள். கிழக்கு நோக்கி இருந்த வாயில் அலையையும் மணலையும் உள்ளே விட்டதால், 1904இல் துறைமுகப் பொறுப்பை ஏற்ற சர் பிரான்சிஸ் ஸ்பிரிங் காலத்தில் வாயிலை வடகிழக்குப் பக்கம் மாற்றினார்கள். மசூலா படகுகளின் காலம் அதோடு முடிந்தது. படகோட்டிக் குடும்பங்கள் துறைமுகக் கூலிக்கும் மீன்பிடிக்கும் பிரிந்து போயின.

துறைமுகம் செய்த பெரிய மாற்றம் இது மட்டுமல்ல. சோழமண்டலக் கரையோரம் ஆண்டு முழுவதும் மணல் நகர்ந்துகொண்டே இருக்கிறது. தென்மேற்குப் பருவத்தின்போது வடக்கு நோக்கியும், வடகிழக்குப் பருவத்தின்போது தெற்கு நோக்கியும் போகும். கூட்டிக் கழித்துப் பார்த்தால் வடக்கு நோக்கிப் போவதே அதிகம். கடலுக்குள் நீட்டிய கற்கரம் இந்த ஓட்டத்தைக் குறுக்கே மறித்தது. மறிக்கப்பட்ட மணல் தெற்கே தங்கித் தங்கி அகன்ற கடற்கரையாயிற்று. 1880களில் ஆளுநர் கிராண்ட் டஃப் உலாச் சாலை அமைத்து 'மெரினா' என்று பெயரிட்ட கரை அப்படித்தான் விரிந்தது. வடக்கே வந்து சேர வேண்டிய மணல் வரவில்லை. அலை மட்டும் வழக்கம்போல் வந்து, இருந்த மணலையும் அள்ளிக்கொண்டு போனது. ராயபுரத்திலிருந்து வடக்கே கடற்கரை சிறுகச் சிறுக அரித்துத் தெருக்களும் குப்பங்களும் கடலுக்குள் போயின. மெரினா மணலில் சுண்டல் தின்றபடி காற்று வாங்கும் நாம், அந்த மணலில் ஒரு பங்கு ராயபுரத்துக்குப் போயிருக்க வேண்டியது என்று நினைத்துப் பார்ப்பதில்லை.

இன்று மீன்பிடித் துறைமுகம் இருக்கும் காசிமேட்டுக்கு வடக்கே எண்ணூர் நோக்கிச் செல்லும் சாலையில் போனால் கிழக்கே கருங்கற் குவியலைப் பார்க்கலாம். ஆள் உயரக் கற்களைக் கொட்டி அமைத்த தடுப்பு அது. அதிலிருந்து கடலுக்குள் நீளும் கல் வரிசைகளைத் 'தூண்டில் வளைவு' என்பார்கள். கொஞ்சம் மணலையாவது பிடித்து வைக்கட்டும் என்று போட்டவை. சில இடங்களில் பிடித்தும் இருக்கின்றன. ஆனால் ஒரு தூண்டில் வளைவு தனக்குத் தெற்கே மணலைப் பிடித்தால் வடக்கே அரிப்பு கூடும். துறைமுகம் பெரிய அளவில் செய்ததையே அது சிறிய அளவில் செய்கிறது. ஊருக்கும் கடலுக்கும் நடுவே இப்போது துறைமுக மதில், சரக்குப் பெட்டி லாரிகள் அணிவகுக்கும் சாலை, கற்சுவர் என்று அடுக்கடுக்காகத் தடைகள். ராயபுரத்தின் தெருக்களில் நடக்கும்போது கடலின் வாடை வரும், கப்பலின் சங்கொலி கேட்கும். ஆனால் பெரும்பாலான இடங்களில் கடல் கண்ணில் படாது.

துறைமுகத்தை ஒட்டி வாழ்வதன் மற்றோர் ஆபத்து 1914 செப்டம்பர் 22 இரவு தெரிந்தது. முதல் உலகப் போரில் ஜெர்மனியின் எம்டன் போர்க்கப்பல் இருளில் வந்து குண்டு வீசித் துறைமுகப் பகுதியிலிருந்த பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகளை எரித்துவிட்டுப் போனது. சேதத்தைவிடப் பீதி பெரிது. மக்கள் கூட்டங்கூட்டமாக நகரைவிட்டு வெளியேறினார்கள். 'எம்டன்' என்ற சொல் சாமர்த்தியக்காரருக்கும் மிரட்டல்காரருக்கும் பட்டப்பெயராகத் தமிழில் நிலைத்துவிட்டது. அந்தக் கப்பலில் விடுதலைப் போராளி செண்பகராமன் பிள்ளை இருந்தார் என்று பலர் எழுதுகிறார்கள்; அதற்குச் சான்று கிடையாது, அவர் அப்போது ஐரோப்பாவில் இருந்தார்.

கடல் வணிகம் வேறு மக்களையும் கொண்டுவந்தது. 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் சென்னைக்கு வந்து சேர்ந்த பார்சிகள், அதாவது நெருப்பைப் புனிதமாகப் போற்றும் ஜரதுஷ்டிர சமயத்தவர், ராயபுரத்தில் குடியமர்ந்தார்கள். எண்ணிக்கையில் மிகச் சிறிய சமூகம். வழிபாட்டுக்கென்று இங்கே கோயில் இல்லாமல் ஒரு நூற்றாண்டுக்கு மேல் கழிந்தது. 1906இல் பிரோஜ் கிளப்வாலா என்ற வணிகரின் மகன் ஜால், 13 வயதில் இறந்துபோனான். அவன் நினைவாகத் தந்தை கட்டிக்கொடுத்த நெருப்புக் கோயில் 1910 ஆகஸ்டில் திறக்கப்பட்டது. தமிழ்நாட்டில் இருக்கும் ஒரே பார்சிக் கோயில் அதுதான். மேற்கு மாதா கோயில் தெருவில், அதாவது ஒரு தேவாலயத்தின் பெயரைத் தாங்கிய தெருவில் அது இருப்பது ராயபுரத்துக்கே உரிய விசேஷம். உள்ளே அணையாமல் காக்கப்படும் நெருப்புக்கு ஒரு நாளைக்கு 5 வேளை வழிபாடு நடக்கும். பார்சி அல்லாதவர்கள் உள்ளே போக முடியாது. வாசலில் நின்று முகப்பைப் பார்த்துவிட்டு வரலாம். கதவைத் தட்டிக் கேட்டுப் பூசகரைச் சங்கடப்படுத்த வேண்டாம்.

மருத்துவமனையின் கதை பஞ்சத்தில் தொடங்குகிறது. 1780களின் தொடக்கத்தில் போரும் பஞ்சமும் சேர்ந்து வந்தபோது, பசித்து வந்தவர்களுக்குக் கஞ்சி ஊற்றிய இடம் மணியக்காரர் சத்திரம். 1799இல் ஜான் அண்டர்வுட் என்ற மருத்துவர் அந்தச் சத்திரத்தை ஒட்டி நோயாளிகளுக்கான இல்லம் ஒன்றைத் தொடங்கினார். 1877இல் ராயபுரம் மருத்துவப் பள்ளி வந்தது. 1934இல் அப்போதைய ஆளுநர் ஜார்ஜ் ஸ்டான்லியின் பெயர் அதற்குச் சூட்டப்பட்டது. 1938இல் அது கல்லூரியாயிற்று. அரசுப் பதிவேட்டில் ஸ்டான்லி என்று இருந்தாலும், வடசென்னைப் பெரியவர்கள் வாயில் அது 'கஞ்சித் தொட்டி ஆஸ்பத்திரி' தான். ஆளுநரின் பெயரைவிடக் கஞ்சியின் பெயர் நீண்ட காலம் நின்றிருக்கிறது என்பதில் எனக்கு ஒரு மகிழ்ச்சி. கை அறுவை சிகிச்சையில் இந்த மருத்துவமனைக்கு நாடறிந்த பெயர் உண்டு. அருகில் இருக்கும் ஆர்.எஸ்.ஆர்.எம். மகப்பேறு மருத்துவமனை சவலை ராமசாமி முதலியாரின் கொடை. வடசென்னையில் மூன்று நான்கு தலைமுறைகள் கண்விழித்த இடம்.

ராபின்சன் பூங்காவையும் விட்டுவிடக் கூடாது. 1949 செப்டம்பர் 17 அன்று பவழக்காரத் தெருவில் திராவிட முன்னேற்றக் கழகம் அமைக்கப்பட்டது. மறுநாள் அதன் தொடக்கப் பொதுக்கூட்டம் ராயபுரத்தில் இந்தப் பூங்காவில்தான் நடந்தது. கொட்டும் மழையில் அண்ணா பேசினார், கூட்டம் கலையாமல் கேட்டது. துறைமுகத் தொழிலாளர், ரயில்வே தொழிலாளர், ஆலைத் தொழிலாளர் என்று உழைப்பவர்கள் நெருங்கி வாழ்ந்த பகுதியில் அந்தக் கூட்டம் நடந்தது தற்செயல் என்று நான் நினைக்கவில்லை. பூங்கா இன்று அறிஞர் அண்ணா பூங்கா என்று அழைக்கப்படுகிறது.

கடைசியாகக் காசிமேடு. ஊரின் பழைய தொழில் இன்னும் உயிரோடிருக்கும் இடம் இதுதான். 1980களில் செயல்படத் தொடங்கிய மீன்பிடித் துறைமுகத்தில் விசைப்படகுகளும் ஃபைபர் படகுகளும் நெருக்கிக்கொண்டு நிற்கும். படகிலிருந்து படகுக்குத் தாவியே ஆட்கள் கரைக்கு வருவார்கள். விடியும் முன்பே போய்விட வேண்டும். கூடையிலிருந்து தரையில் கொட்டிய சங்கரா மீனின் சிவப்பு விளக்கொளியில் ஈரமாக மின்னும். அதன் மேல் ஒரு கை ஐஸ் தூவிவிட்டு ஏலம் விடுபவர் விலையைக் கூவத் தொடங்குவார். வியாபாரிகள் பெரிதாக வாய் திறந்து பேச மாட்டார்கள், தலையசைப்பும் விரலும் போதும். ஏலம் படிந்த அடுத்த நொடியே மீன் மறுபடி கூடைக்குள் போய், தண்ணீர் சொட்டச் சொட்டத் தலைமேல் ஏறி நகரும். வஞ்சிரம், வவ்வால், கடம்பா எல்லாம் மொத்த வியாபாரிகளுக்குப் போன பிறகு, ஓரத்தில் கூறு கட்டி விற்கும் பெண்களிடம் நெத்திலியும் சின்ன மீனும் கிடைக்கும். அவர்களில் பலருக்கு வாடிக்கையாளரின் குடும்பக் கதை முழுதும் தெரியும். ஆண்டுதோறும் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாட்கள் விசைப்படகுகளுக்கு மீன்பிடித் தடை. அந்த நாட்களில் வந்தால் ஏலத்தின் ஆரவாரம் குறைந்திருக்கும். அதற்குப் பதிலாக வலை செப்பனிடுவதையும் படகை மராமத்துப் பார்ப்பதையும் நிதானமாகக் காணலாம்.

போகிறவர்களுக்கு நான் சொல்லும் வரிசை இது: விடியலில் காசிமேடு, வெயில் ஏறும் முன் ராயப்பர் கோயில், பிறகு நெருப்புக் கோயிலின் வாசல், அங்கிருந்து ரயில் நிலையம், கடைசியில் பழைய சிறைச்சாலைச் சாலை வழியாக ஸ்டான்லியும் மாடிப் பூங்காவும். தெருக்கள் குறுகல், லாரிகள் அதிகம். காரைவிட நடையோ ஆட்டோவோ நல்லது. திரும்பும்போது ராயபுரம் நிலையத்திலேயே மின்சார ரயில் ஏறுங்கள். வண்டி அடிக்கடி வராது, கொஞ்சம் காத்திருக்க வேண்டும். அந்த நேரத்தில் நடைமேடையிலிருந்து கிழக்கே பார்த்தால், கூரைகளுக்கு மேலே துறைமுகத்தின் கிரேன்கள் தெரியும். கடல் இருக்கும் திசை அது.